உவர்மலை உறவுகள் 🙏: 31ஆம் நாள் வேலைகள்

பவா: எல்லோருக்கும் வணக்கம். அப்பா தவறி 31ஆம் நாள் வருகிற ஞாயிறு. காலையில் கன்னியா வெந்நீரூற்றில் அந்தியேட்டிக் கிரியை, மத்தியானம் வீட்டில் சாப்பாடு. கல்வெட்டு (அப்பாவின் நினைவுப் புத்தகம்) நாளைக்கு அச்சுக்குப் போகிறது. பெயர்களை ஒருக்கால் பார்த்துச் சொல்லுங்கள்.

நிலாவெளி குஞ்சியம்மா: 🙏🙏

பவா: (படம்)
அப்பாவின் இரும்புப் பெட்டிக்குள் இந்தப் பழைய இசைத்தட்டு இருந்தது. நடுவில் பச்சை அப்பிள், மறுபக்கம் வெட்டின அப்பிள். அட்டையில் ஒரு மூலையைக் கறையான் தின்றுவிட்டது. ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டு நேரம் மெதுவாகப் போடலாமா?

கீரன்: அட, பெரிய மாமாவின் சவரப் பாட்டு 😂

லண்டன் சித்தப்பா: அது என்னுடைய தட்டு.

லண்டன் சித்தப்பா: இளம் ஆட்களுக்குத் தெரியாது, ஆகவே கொஞ்சம் விளக்கமாக எழுதுகிறேன். ஹரே கிருஷ்ணா சங்கத்தைப் பிரபுபாதா என்ற சாமியார் 1966இல் நியூயோர்க்கில் தொடங்கினார். 1968இல் அவருடைய சீடர்கள், மூன்று அமெரிக்கத் தம்பதிகள், லண்டனில் கோயில் அமைக்க வந்தார்கள். கையில் காசில்லை, தெரிந்தவர்களும் இல்லை. பிறகு பீட்டில்ஸ் பாட்டுக்குழுவின் ஜோர்ஜ் ஹாரிசனின் பழக்கம் கிடைத்தது. அவர் இவர்களையே பாட வைத்து, ஆர்மோனியமும் தானே வாசித்து, தங்கள் அப்பிள் கம்பனியில் ஹரே கிருஷ்ணா மந்திரத்தைச் சின்னத் தட்டாக வெளியிட்டார். 1969 ஆகஸ்ட். மூன்றரை நிமிடம். இங்கிலாந்து விற்பனைப் பட்டியலில் 12ஆம் இடம்! பிபிசி டொப் ஒஃப் த பொப்ஸ் நிகழ்ச்சியில் மொட்டைத் தலையும் சேலையுமாக வந்து பாடினார்கள். அடுத்த வருடம் கோவிந்தா என்ற பாட்டு, அது 23ஆம் இடம். எல்லாம் சேர்ந்த பெரிய தட்டு 1971 மே மாதம் வந்தது. பவா படம் போட்டிருப்பது அதுதான். (தொடரும்)

சின்னவன்: தொடருமா 😳

லிங்கநகர் மாமி: 31க்குப் பொப் பாட்டா? நாங்கள் சைவக்காரர். கோணமலைப் பதிகம் படித்தால் போதும்.

கீரன்: அம்மா, பத்திரகாளி அம்மன் கோயில் பக்கம் திருவிழாவுக்கு விடிய ஐந்து மணிக்கு ஒலிபெருக்கியில் போடுகிறார்களே, அதெல்லாம் எந்தப் படத்து மெட்டு?

லிங்கநகர் மாமி: அது வேறு.

லிங்கநகர் மாமி: அது அம்மன் பாட்டு.

நிலாவெளி குஞ்சியம்மா: கல்வெட்டில் மைத்துனர்மார் வரிசையில் இவருடைய பெயரைக் காணவில்லை.

பவா: ஏழாம் பக்கம் பாருங்கள் குஞ்சியம்மா.

நிலாவெளி குஞ்சியம்மா: பார்த்தேன். பிழையாக அடித்திருக்கிறீர்கள். அம்மம்மாவின் கல்வெட்டிலும் இதே கதைதான். அப்போதும் நாங்கள் ஒன்றும் சொல்லவில்லை.

சின்னவன்: அப்போதும் சொன்னீர்கள் குஞ்சியம்மா

பவா: தம்பி நீ சும்மா இரு. திருத்துகிறேன் குஞ்சியம்மா.

லண்டன் சித்தப்பா: (தொடர்ச்சி) கோவிந்தாவில் வருகிற பெண்குரல் யமுனா என்ற அமெரிக்கச் சீடருடையது. சொற்கள் பிரம்ம சம்ஹிதை என்ற சமஸ்கிருத நூலில் உள்ள சுலோகங்கள். ஹாரிசன் பின்னுக்கு வயலின் கூட்டம் எல்லாம் சேர்த்தார். உலகம் முழுக்க அவர்களுடைய கோயில்களில் காலையில் திரை திறக்கும்போது இன்றைக்கும் அதே ஒலிப்பதிவுதான் போகிறது. 1973இல் லண்டனுக்கு வெளியே பெரிய மாளிகையும் வாங்கிக் கொடுத்தார். நான் போயிருக்கிறேன். சாப்பாடு நல்லது.

சின்னவன்: அப்படியென்றால் ஆள் சேர்க்கிற விளம்பரம்

லண்டன் சித்தப்பா: விளம்பரம்தான். அவர்கள் ஒளிக்கவில்லையே. பாடகர் பெயர் போடுகிற இடத்தில் கோயிலின் பெயர்தான் இருக்கிறது. ஆனால் விற்க வேண்டும் என்று மந்திரத்தில் ஒரு சொல்லை மாற்றவில்லை. மத்தளமும் தாளமும் கிட்டாரோடு சேர்ந்து கேட்கும். அதனால்தான் அண்ணனுக்குப் பிடித்தது. அவரோ கோயிலுக்கே போகாத மனிதன்.

லிங்கநகர் மாமி: ஆர் போகாதவர்? ஆடி அமாவாசைக்கு நான்தான் கூட்டிப் போனேன்.

கீரன்: எங்கள் பதிகத்துக்கு ஒரு ஹாரிசன் கிடைத்திருந்தால் நாங்களும் 12ஆம் இடம்

லிங்கநகர் மாமி: சம்பந்தருக்கு இடம் போட நீ ஆர்?

லிங்கநகர் மாமி: அதுசரி தம்பி, தட்டு எப்படி உன்னுடையது?

லண்டன் சித்தப்பா: 75இல் வந்தபோது அண்ணனுக்குக் கேட்கக் கொடுத்தேன். இரவல்தான்.

லிங்கநகர் மாமி: 75இல் நீ லண்டனிலேயே இல்லை. நீ போனது 78. அம்மாவின் தாலிக்கொடி அடகில் போன வருடம், எனக்கு மறக்குமா?

சின்னவன்: 🍿

லண்டன் சித்தப்பா: *இந்தச் செய்தி நீக்கப்பட்டது*

லண்டன் சித்தப்பா: 79ஆக இருக்கும். தாலிக்கொடியை நான் மீட்டுக் கொடுத்தேன் அக்கா.

லிங்கநகர் மாமி: மீட்டது அண்ணன்.

பவா: ஐயோ, இதை விடுங்கள். அப்பா சவரம் செய்யும்போது கோவிந்தா மட்டும் போடுவார். ஊசி ஓரிடத்தில் சிக்கும், சுட்டுவிரலால் தட்டிவிடுவார். நுரை தட்டில் விழும். அந்தப் பக்கத்தில் இப்போதும் ஒரு வெள்ளைப் புள்ளி இருக்கிறது, துடைத்தும் போகவில்லை. அம்மா அதைப் பார்த்துவிட்டு இன்றைக்குத்தான் முதல் தடவையாக எழும்பி வந்து தேத்தண்ணீர் கேட்டார். அதனால்தான் போடலாமா என்றேன்.

நிலாவெளி குஞ்சியம்மா: 😢

கீரன்: போடுவோம் அக்கா

லிங்கநகர் மாமி: அண்ணிக்கு விருப்பமென்றால் நான் ஒன்றும் சொல்லவில்லை. பதிகம் படித்த பிறகு. ஐயர் போன பிறகு.

சின்னவன்: பிளேயர் வேலை செய்கிறதா?

பவா: பெல்ட் அறுந்துவிட்டது.

சின்னவன்: யூடியூபில் இருக்கிறது, போனில் போடலாம்

லண்டன் சித்தப்பா: யூடியூபில் போட்டால் ஊசி எங்கே சிக்கும்? கடைத்தெருவில் யாராவது பெல்ட் வைத்திருப்பார்கள். கீரன் பார். பிறகு தட்டை எனக்குப் பத்திரமாக அனுப்பிவிடுங்கள்.

பவா: சித்தப்பா, அட்டையின் பின்பக்கம் ஊதா மையில் ஒரு கையெழுத்து இருக்கிறது. (படம்)

கீரன்: இது டைக் வீதி மாஸ்டரின் கையெழுத்தல்லவா! என் கணக்குக் கொப்பியில் இதே மையால் பிழை போட்டவர்

லிங்கநகர் மாமி: அவரேதான். அவர் கப்பல்காரரிடம் தட்டுகள் வாங்குவார்.

சின்னவன்: சித்தப்பா?

சின்னவன்: சித்தப்பா ஒன்லைனில் நிற்கிறார், எழுதுகிறார், நிறுத்துகிறார்

லண்டன் சித்தப்பா: என்னிடம் இருந்தது வேறு பிரதியாக இருக்கலாம். அதையும் பெட்டியில் பாருங்கள்.

கீரன்: மாஸ்டரின் மகன் அவுஸ்திரேலியாவில், முகநூலில் இருக்கிறார். சொல்லவா?

பவா: 31 முடியட்டும்.

லிங்கநகர் மாமி: இப்போதே சொல். பிறத்தியார் பொருள்.

நிலாவெளி குஞ்சியம்மா: கன்னியாவுக்கு வேன் எத்தனை மணிக்கு?

பவா: ஐந்தரை.

லிங்கநகர் மாமி: ஐயர் ஆறு என்றார்.

கீரன்: வாழையிலை எத்தனை சொல்ல வேண்டும்? சமையல்காரர் 150 என்கிறார், பவா அக்கா 120 என்றார்

லண்டன் சித்தப்பா: இலைச் செலவு என்னுடையது.

லிங்கநகர் மாமி: அதையாவது இந்தமுறை உடனே அனுப்பு.