கிரனாடாவில் மாலை நடை, ஃபிளமெங்கோ: எத்தனை மணிக்குக் கிளம்பணும்?

குன்னூர்வாசி: ஜூன் கடைசியில் ஸ்பெயின் போறோம். கிரனாடாவின் பழைய மலைச்சரிவுப் பகுதியான அல்பைசின் தெருக்களைச் சுற்றிவிட்டு, இரவு பக்கத்து சாக்ரோமோந்தே பகுதியின் குகை அரங்கில் ஃபிளமெங்கோ (ஸ்பெயின் பாட்டும் ஆட்டமும்). ஆறு மணிக்கு நடக்க ஆரம்பிக்கலாமா? அம்மாவுக்கு முட்டிவலி.

கோத்தகிரி: ஆறு வேண்டவே வேண்டாம். அப்போ அங்கே சூரியன் மறையவே ஒன்பதரை தாண்டும். ஆறு மணி வெயில் நம்ம மலை உடம்புக்கு ஆகாது. எட்டுக்குக் கிளம்புங்க. பிளாசா நுவேவா சதுக்கத்தில் சி31 மினிபஸ் ஏறி சான் நிக்கோலாஸ் மேட்டில் இறங்குங்க. எதிரே அல்ஹம்ப்ரா கோட்டை அரண்மனை மாலை வெயிலில் சிவக்கிறதைப் பார்த்துட்டு, சாபிஸ் சரிவு வழியா இறங்கினா சாக்ரோமோந்தே பாதை. அம்மா மேடு ஏற வேண்டியதில்லை. ஆனா பதித்த உருண்டைக் கல் வழுக்கும், இறக்கத்தில் முட்டிக்குத்தான் அடி. பிடிப்புள்ள ஷூ, ஒரு ஊன்றுகோல் அவசியம்.

ஊட்டி மேல்பஜார்: குகையில் நாற்காலி சுவரோரம்தான், ஆடுபவர் முழங்கைத் தூரத்தில். காலை நீட்டாதீங்க. படுகர் ஆட்டம் மாதிரி நாமும் சேர்ந்துக்க முடியாது. கூடவே தாளமும் தட்டாதீங்க. புலேரியாஸ்ங்கிற ஃபிளமெங்கோ தாளவகை 12 அடிச் சுற்று, அழுத்தம் 3, 6, 8, 10, 12-இல் விழும். ஆதிதாளக் கை அங்கே இடறும், ஆடுபவருக்கும் இடைஞ்சல்.

குன்னூர்வாசி: அப்போ ‘ஓலே’ன்னு குரல் கொடுத்துப் பாராட்டலாமா?

ஊட்டி மேல்பஜார்: தாராளமா. கச்சேரியில் ‘பலே’ போடுற இடத்தில்.