குருஷின்யானி: போலந்துச் சிற்றூரின் பள்ளிவாசலும் நிலக்கொடையும் குறித்து ஓர் ஐயம்

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். போலந்தின் வடகிழக்கில், பெலருஸ் எல்லையை ஒட்டிய குருஷின்யானி என்னும் சிற்றூரைப் பற்றிச் சில நாள்களாகப் படித்து வருகிறேன். உதுமானியத் துருக்கியருக்கு எதிரான பார்க்கானி போரில் போலந்து மன்னர் மூன்றாம் யான் சோபியெஸ்கியின் உயிரைக் காத்ததற்காக, சாமுவேல் முர்சா க்ஷெச்சோவ்ஸ்கி என்னும் தாதார் குதிரைப்படைத் தலைவருக்கு இவ்வூர் பரிசாகக் கிடைத்தது என்று பலரும் எழுதியிருக்கிறார்கள். ஆனால் நிலம் வழங்கப்பட்ட ஆண்டு 1679 என்றும் அவர்களே குறிப்பிடுகிறார்கள். இரண்டும் எப்படிப் பொருந்தும்? மேலும், அங்குள்ள பச்சை வண்ண மரப் பள்ளிவாசல் படங்களில் தேவாலயம் போலவே தோன்றுவது ஏன்? அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

மறுமொழி 1

தங்கள் ஐயம் நியாயமானது, இரண்டும் பொருந்தமாட்டா. பார்க்கானி போர் நடந்தது 1683 அக்டோபரில், வியன்னா முற்றுகை முறியடிக்கப்பட்ட சில வாரங்களுக்குப் பிறகு. நிலக்கொடையோ அதற்கு நான்கு ஆண்டுகள் முந்தியது.

உண்மையான காரணம் சம்பளப் பாக்கி. லிப்கா தாதார்கள் எனப்படும் இந்த முஸ்லிம்கள் 14ஆம் நூற்றாண்டு முதலே லித்துவேனியப் பெருநாட்டில் குடியேறி, போர்ப்பணி செய்து வாழ்ந்தவர்கள். ஊதியம் நிலுவையில் நின்றதாலும் சமய உரிமைகள் குறுக்கப்பட்டதாலும் மனம் கசந்த அவர்களில் ஒரு பகுதியினர் 1672இல் கிளர்ந்தெழுந்து உதுமானியர் பக்கம் சேர்ந்தனர். அவர்களைத் திரும்ப அழைத்துக்கொண்ட சோபியெஸ்கி, கருவூலத்தில் பணம் இல்லாத நிலையில், அரச நிலங்களைப் பகிர்ந்தளித்துக் கணக்கைத் தீர்த்தார். குருஷின்யானியும் போஹோனிக்கியும் அவ்வாறு கிடைத்த ஊர்கள். மன்னரைக் காத்த கதையை இன்றும் அவ்வூரார் பெருமையோடு சொல்கிறார்கள். அது நிகழ்ந்திருக்கலாம், ஆனால் நிலக்கொடைக்கு அது காரணமாக இருக்க முடியாது. கொடுத்த வேலைக்குக் கூலி கேட்டுப் பெற்ற வரலாறு, பரிசுக் கதையைவிட எந்த வகையிலும் தாழ்ந்ததன்று என்பது என் கருத்து.

மறுமொழி 2

பள்ளிவாசலைப் பற்றி நான் சொல்கிறேன். இப்போதுள்ள கட்டிடம் 18ஆம் நூற்றாண்டின் இறுதியைச் சேர்ந்ததாகப் பொதுவாகக் கொள்ளப்படுகிறது. போலந்தில் எஞ்சியிருக்கும் பள்ளிவாசல்களில் இதுவே மிகப் பழையது. அதைக் கட்டியவர்கள் அவ்வட்டாரத் தச்சர்கள். மரத்தால் தேவாலயம் எழுப்பிப் பழகிய கைகள் முகப்பில் இரட்டைக் கோபுரங்களையும் அதே முறையில் எழுப்பின. உச்சியில் சிலுவைக்குப் பதிலாகப் பிறை அமர்ந்தது.

உள்ளே சென்றால் ஐயமே எழாது. தொழுகைத் திசையைக் காட்டும் மாடமாகிய மிஹ்ராபும், உரை நிகழ்த்தும் மேடையாகிய மிம்பரும் உண்டு; ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனித் தொழுகை அறைகள் உண்டு; சுவர்களில் குர்ஆன் வசனங்கள் எழுதிய சட்டமிட்ட பலகைகள் தொங்குகின்றன. அவற்றை அவர்கள் முஹிர் என்கிறார்கள்.

கேள்வி கேட்டவர்

இருவருக்கும் மிக்க நன்றி. அங்குள்ள அடக்கத்தலத்தைப் பற்றியும் யாரேனும் சொல்ல இயலுமா?

மறுமொழி 3

பள்ளிவாசலுக்கு அருகே, மரங்கள் அடர்ந்த மேட்டில் அது இருக்கிறது. அதன் பெயர் மிசார். மிகப் பழைய கல் 1699ஆம் ஆண்டைச் சேர்ந்தது. இவ்வூரின் வரலாற்றைக் கட்டிடத்தைவிட இந்தக் கற்களே தெளிவாகச் சொல்கின்றன என்று எண்ணுகிறேன். அரபு எழுத்தில் இறைவேண்டல் இருக்கும்; இறந்தவரின் பெயரோ ரஷ்ய ஆட்சிக் காலத்துக் கற்கள் பலவற்றில் ரஷ்ய எழுத்திலும், பிற்காலத்தனவற்றில் போலிஷ் எழுத்திலும் இருக்கும். பெயர்களும் "ஸ்கி", "விச்" என்றே முடியும்.

தாதார்கள் தங்கள் துருக்கிய மொழியை வெகு காலத்துக்கு முன்பே இழந்துவிட்டார்கள். ஆனால் எழுத்தை விடவில்லை: பெலருஸ் மொழியையும் போலிஷ் மொழியையும் அரபு எழுத்தில் எழுதிச் சமய நூல்களைப் பேணினார்கள். அரபு எழுத்தில் தமிழை எழுதும் நம் அரபுத்தமிழை அறிந்தவர்களுக்கு இது புதுமையாகத் தோன்றாது.

இரண்டாம் உலகப்போருக்குப் பின் எல்லை நகர்ந்தபோது தாதார் ஊர்களில் பெரும்பாலானவை சோவியத் பக்கம் போய்விட்டன. எஞ்சியவர்களிலும் பலர் பியாவிஸ்தோக், கதான்ஸ்க் போன்ற நகரங்களுக்குப் பெயர்ந்தார்கள். இன்று குருஷின்யானியில் வாழும் தாதார் குடும்பங்கள் மிகச் சிலவே. கிழக்கு மரபுக் கிறித்தவர்களே மிகுதி. குருஷின்யானி, போஹோனிக்கி ஆகிய இரு ஊர்களின் பள்ளிவாசல்களும் மிசார்களும் 2012இல் போலந்தின் தேசிய வரலாற்றுச் சின்னங்களாக அறிவிக்கப்பட்டன. பெருநாள் தொழுகைக்கு நகரங்களிலிருந்து குடும்பங்கள் வந்து சேரும்போது, அந்தச் சிறிய மரக்கூடம் மீண்டும் நிறைகிறது.