கோபானி மீண்ட பிறகும் அகதி அகதிதானா?

வடகரையான்: நேத்து கூர்வாள் எழுதினதைப் படிச்சதுல இருந்து மனசு ஆறல. "சிரியாவுல துருக்கி எல்லையோரம் குர்து இன மக்கள் வாழுற கோபானியை 2015 ஜனவரி 26லயே ஐஎஸ் பயங்கரவாதிங்க கிட்டயிருந்து குர்துகள் மீட்டாச்சு. அதுக்கப்புறமும் துருக்கியில இருக்கிறவன் அகதி இல்ல, சொகுசு கண்டவன்"னு எழுதியிருக்கார். துருக்கிப் பக்கம் சுருச் அகதி முகாம் கூடாரத்துல என்னங்க சொகுசு?

கூர்வாள்: ஜனவரி 26 சரியா தப்பா? அதை மட்டும் சொல்லுங்க.

பனித்துளி: தேதி சரி. அதே வருஷம் ஜூன் 25? ஐஎஸ் ஆளுங்க மாறுவேஷத்துல ஊருக்குள்ள புகுந்து இருநூறு பேருக்கு மேல கொன்னாங்களே. நம்பித் திரும்பி வந்த ஜனங்க சார் அது.

கூர்வாள்: அவங்களால ஊரைத் திரும்பப் பிடிக்க முடிஞ்சுதா? இல்லையே. ஜனவரி 26 மீட்பு மீட்புதான்.

வடகரையான்: மீட்டது ஊரை இல்ல, இடிபாட்டை. நாலு மாசத்துக்கு மேல தெருத்தெருவா சண்டை, மேலயிருந்து அமெரிக்கக் குண்டு. திரும்பிப் போனவன் சொந்த வீட்டுக்குள்ள கால் வைக்கப் பயந்தான். எங்க பார்த்தாலும் கண்ணிவெடி.

பாலைக்குயில்: முதல்ல ஊர் பேரைச் சரியா எழுதுங்க. ஐன் அல் அரப்.

பனித்துளி: அது அரசாங்கம் வச்ச பேரு. அங்க பொறந்தவங்களுக்கு அது கோபானி. 1962 கணக்கெடுப்பைச் சாக்கா வச்சு ஹசக்கா மாகாணத்துக் குர்துகள் சுமார் 1,20,000 பேரோட குடியுரிமையைப் பறிச்ச நாடு சிரியா.

பாலைக்குயில்: இருபது வருஷமா அரபு பேசுறவன் நான். போன திரியிலயும் இப்படித்தான் எனக்குப் பாடம் எடுத்தீங்க, மறக்கல.

கூர்வாள்: தேதிக்கு வாங்க.

வடகரையான்: வர்றேன். 2015 செப்டம்பர் 2. கோபானிக் குடும்பத்துக் குழந்தை ஆலன் குர்தி துருக்கியில இருந்து படகுல தப்பிப் போறப்ப கடல்ல செத்த நாள். உங்க மீட்புக்கு ஏழு மாசம் கழிச்சு. மனைவியையும் ரெண்டு பிள்ளைகளையும் அந்த அப்பா கோபானிக்கே கொண்டுபோய் அடக்கம் பண்ணினார். அவரும் ஊர் திரும்பினவர்தான்.

கூர்வாள்: அடக்கம் பண்ணப் போக முடிஞ்சுதுன்னா ஊர் மீண்டிருக்குன்னுதானே அர்த்தம்?

பனித்துளி: அடப்பாவி! அடக்கம் பண்ணப் போறதும் குடியிருக்கப் போறதும் ஒண்ணா?

கூர்வாள்: மரியாதை வேணும். திரும்பிப் போன ஆயிரக்கணக்கான பேர் கல்லைப் பொறுக்கி வீடு கட்டினாங்க. அவங்க தைரியத்தை மதிக்கத் தெரியாதவங்க நீங்க. நான் அவங்க பக்கம்.

வடகரையான்: கட்டின வீட்டுல நிம்மதியா தூங்க விட்டாங்களா? 2018ல இன்னொரு குர்து ஊர் அஃப்ரின் துருக்கி கைக்குப் போச்சு. 2019 அக்டோபர்ல துருக்கிப் படை தல் அபியாதுக்குள்ள வந்துச்சு. கோபானிக்குப் பக்கத்து ஊரு.

கூர்வாள்: நான் கேட்டது 2015. ஜனவரி 26.

பாலைக்குயில்: ஊர் பேரை இன்னும் யாரும் திருத்தல.