வைப்பர் நின்றுவிட்டது: ஃபியூஸ் எங்கே இருக்கிறது, எப்படிச் சோதிப்பது?

கணக்கு டீச்சர், முலுண்ட்:

அனைவருக்கும் வணக்கம். முப்பத்தொரு வருடம் பள்ளியில் கணக்குச் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவள் நான். காரில் எனக்குத் தெரிந்தது பெட்ரோல் போடுவதும் டயருக்குக் காற்று அடிப்பதும்தான். என் கணவர் இருந்தவரை பானெட்டை நான் திறந்ததே இல்லை. அவர் போய் நான்கு வருடம் ஆகிறது. கார் பதினொரு வருடப் பழையது, பெட்ரோலில் ஓடும் சின்ன வண்டி.

போன வியாழக்கிழமை சயானில் ஒரு கல்யாணம் முடிந்து ஈஸ்டர்ன் எக்ஸ்பிரஸ் ஹைவேயில் திரும்பிக்கொண்டிருந்தேன். காட்கோபர் தாண்டியதும் இந்த வருடத்தின் முதல் பெருமழை பிடித்துக்கொண்டது. வைப்பர் நான்கைந்து தடவை முனகிக்கொண்டே நகர்ந்தது. பிறகு கண்ணாடியின் நடுவில், வகுப்பில் எழுந்து நின்று பதில் தெரியாமல் விழிக்கும் பையனைப்போல, செங்குத்தாக நின்றுவிட்டது. முன்னால் போன லாரியின் சிவப்பு விளக்கு கரைந்த குங்குமமாகத் தெரிந்தது. விக்ரோலிவரை ஊர்ந்துபோய் ஒரு பெட்ரோல் பங்க்கில் ஒதுங்கினேன். மழை விடும்வரை ஒன்றரை மணி நேரம், தாம்பூலப் பைத் தேங்காயோடு உட்கார்ந்திருந்தேன்.

மறுநாள் பக்கத்து மெக்கானிக்கிடம் காட்டினேன். அந்தப் பையன் எதையும் திறக்கவில்லை. ஸ்விட்சை இரண்டு தடவை திருகிப் பார்த்துவிட்டு, “மோட்டார் போய்விட்டது, 4,200 ரூபாய்” என்றான். வழிமுறை எழுதாமல் விடையை மட்டும் எழுதினால் நான் மதிப்பெண் போட்டதில்லை. வண்டியை வீட்டுக்கே கொண்டுவந்துவிட்டேன்.

ஃபியூஸாக இருக்கலாம் என்றாள் மகள். ஸ்டீயரிங்குக்குக் கீழே, வலது முழங்கால் இடிக்கும் இடத்தில் ஒரு மூடி இருந்தது. திறந்தால் உள்ளே முப்பதுக்கு மேல் வண்ண வண்ணப் பல்லுகள். மூடியின் உட்பக்கத்தில் இருக்கும் படங்களோ சிந்து சமவெளி எழுத்தைப்போல இருக்கின்றன. வைப்பர் மாதிரி தெரிந்த ஒன்றைத் தலைமுடி பிடுங்கும் இடுக்கியால் எடுத்துப் பார்த்தேன், நன்றாகத்தான் இருக்கிறது. அதற்கு முன் தவறுதலாக வேறொன்றைப் பிடுங்கியதில் கடிகாரம் 1:00-க்குப் போய்விட்டது.

என் கேள்விகள்: எது வைப்பருக்கான ஃபியூஸ் என்று எப்படி உறுதி செய்வது? கண்ணுக்கு நன்றாகத் தெரிந்தால் போதுமா? ஷாக் அடிக்குமா? கண்ணாடிக்குத் தண்ணீர் பீய்ச்சுவதும் வேலை செய்யவில்லை, ஆனால் அது தொட்டியில் தண்ணீர் தீர்ந்ததாக இருக்கும், அதை விட்டுவிடுங்கள்.

—

செம்பூர் தம்பி:

அம்மா, பெரும்பாலான கார்களில் இரண்டு ஃபியூஸ் பெட்டிகள் இருக்கும். ஒன்று நீங்கள் பார்த்தது. இன்னொன்று பானெட்டுக்குள், பேட்டரிக்குப் பக்கத்தில், கறுப்புப் பிளாஸ்டிக் மூடி போட்டிருக்கும். சில வண்டிகளில் முதல் பெட்டி கிளவ் பாக்ஸுக்குப் பின்னால் ஒளிந்திருக்கும். வண்டியோடு வந்த கையேட்டின் கடைசிப் பகுதியில் அட்டவணை இருக்கிறதா என்று பாருங்கள். எதைத் தொடுவதற்கு முன்பும் பெட்டியைக் கைபேசியில் ஒரு படம் எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். எது எங்கே இருந்தது என்று பிறகு தலையைச் சொறிய வேண்டாம். நான் சொறிந்திருக்கிறேன்.

—

பன்வேல் பயணி:

இவ்வளவு யோசிக்க வேண்டியதே இல்லை. எனக்கும் இதே தொந்தரவு வந்தது. 20 போட்ட இடத்தில் 30 ஆம்பியர் போட்டேன், இரண்டு வருடமாக ஒன்றும் ஆகவில்லை.

—

குர்லா வயர்மேன்:

டீச்சர், வணக்கம். குர்லா சி.எஸ்.டி. ரோட்டில் இருபத்தாறு வருடமாகக் கார் வயரிங் வேலை செய்கிறேன். சொந்த ஊர் தென்காசிப் பக்கம். நீங்கள் விட்டுவிடச் சொன்ன கடைசி வரியில்தான் விஷயம் இருக்கிறது.

வைப்பருக்கு ஒரு மோட்டார், தண்ணீர் பீய்ச்ச வேறொரு சின்ன மோட்டார். பல வண்டிகளில் இரண்டுக்கும் மின்சாரம் ஒரே ஃபியூஸ் வழியாகத்தான் போகிறது. வைப்பர் மோட்டார் மட்டும் எரிந்திருந்தால் தண்ணீர் பீய்ச்சியிருக்க வேண்டும். தண்ணீர் வராவிட்டாலும் தொட்டிப் பக்கம் ‘விர்’ரென்று ஒரு சத்தமாவது கேட்கும். தொட்டியை நிரப்பி, சாவியைத் திருப்பி, பீய்ச்சிப் பாருங்கள். சத்தமே இல்லையென்றால் இரண்டுக்கும் பொதுவான இடத்தில்தான் கோளாறு. முதல் சந்தேகம் ஃபியூஸ்மேல்.

இனி படம். முன்கண்ணாடிக்கும் பின்கண்ணாடிக்கும் தனித்தனிக் குறி உண்டு. விசிறிபோல வளைந்த கட்டத்துக்குள் கோடு இருந்தால் முன் வைப்பர். செவ்வகத்துக்குள் இருந்தால் பின் வைப்பர். இரண்டாவது தவறு மூடியைப் பிடிக்கும் விதத்தில் வரும். கழற்றிய மூடியைப் புரட்டும்போது இடம் வலமாகிவிடும், கண்ணாடியில் பார்ப்பதைப்போல. வயரிங் பசங்களே இதில் ஏமாந்து வேறு வரிசையில் எண்ணுவார்கள். பெட்டியில் காலியாக இருக்கும் ஓரிடத்தை மூடிப் படத்திலும் கண்டுபிடித்து, அதிலிருந்து எண்ணுங்கள்.

ஷாக் அடிக்காது, 12 வோல்ட்தான். ஆனால் பானெட்டுக்குள் கை வைக்கும் முன் வளையலையும் மோதிரத்தையும் கழற்றிவிடுங்கள். பேட்டரியின் பிளஸ் முனைக்கும் வண்டியின் இரும்புக்கும் நடுவில் ஒரு வளையல் மாட்டினால் நொடியில் பழுத்துவிடும். என் இடது மணிக்கட்டில் கைக்கடிகாரச் சங்கிலியின் தழும்பு இன்னும் இருக்கிறது.

இடுக்கியை வைத்துவிடுங்கள். இரண்டு பெட்டிகளில் ஒன்றில், மூடியிலோ ஃபியூஸ்களுக்கு நடுவிலோ, சின்னப் பிளாஸ்டிக் கவ்வி செருகியிருக்கும். சாவியை நிறுத்தி, அதனால் நேராக மேலே இழுங்கள். வெளிச்சத்தில் பிடித்தால் இரண்டு கால்களுக்கும் நடுவில் மெல்லிய உலோக வளைவு தெரியும். அறுந்திருந்தாலோ உள்ளே கரி படிந்திருந்தாலோ ஃபியூஸ் போய்விட்டது.

கண்ணை மட்டும் நம்பாதீர்கள். மயிரிழை விரிசல் தெரியாது. ஃபியூஸைப் பிடுங்காமலே பார்க்க வழி இருக்கிறது: ஃபியூஸின் முதுகில் இரண்டு புள்ளிகளில் உலோகம் திறந்தே இருக்கும், சோதிப்பதற்காகவே விட்டது. ஒரு டெஸ்ட் லேம்ப் வாங்குங்கள், ஒரு முனையில் கிளிப்பும் மறு முனையில் ஊசியும் உள்ள சோதனை விளக்கு. அதன் கிளிப்பைப் பெயின்ட் இல்லாத ஒரு போல்ட்டில் மாட்டுங்கள். சாவியை ‘ஆன்’ நிலைக்குத் திருப்புங்கள், ஏனென்றால் வைப்பர் ஃபியூஸுக்குச் சாவி திருப்பினால்தான் மின்சாரம் வரும். பிறகு ஊசியால் அந்த இரண்டு புள்ளிகளையும் தொடுங்கள். இரண்டிலும் எரிந்தால் ஃபியூஸ் நன்றாக இருக்கிறது. ஒன்றில் மட்டும் எரிந்தால் போய்விட்டது. இரண்டிலுமே எரியவில்லையென்றால் அந்த இடத்துக்கு மின்சாரமே வரவில்லை. பானெட்டுப் பெட்டியில் தேட வேண்டும். மல்டிமீட்டர் இருந்தால் ஃபியூஸை வெளியே எடுத்து, இரண்டு கால்களையும் தொட்டு ‘பீப்’ நிலையில் பாருங்கள், சத்தம் வந்தால் நல்லது.

புதிது வாங்கும்போது பழையதைக் கையில் கொண்டுபோங்கள். ஒரே ஆம்பியரில் மூன்று நான்கு அளவுகள் உண்டு. நிறமும் கணக்குத்தான்: சிவப்பு 10, நீலம் 15, மஞ்சள் 20, நிறமில்லாதது 25, பச்சை 30. எண் முதுகிலேயே இருக்கும். மூடியிலோ கையேட்டிலோ என்ன எண்ணோ அதே எண்.

பன்வேல் தம்பிக்கு: ஃபியூஸ் மோட்டாரைக் காப்பாற்ற வைத்ததல்ல, வயரைக் காப்பாற்ற வைத்தது. 20-க்குக் கணக்குப் பார்த்துப் போட்ட வயரில் 30 ஓடவிட்டால், ஃபியூஸ் சும்மா இருக்கும், வயர் வேகும். சிகரெட் பெட்டியின் ஜிகினாத் தாளைச் சுற்றிச் செருகிய வண்டி ஒன்று என்னிடம் வந்தது. டேஷ்போர்டைக் கழற்றினால் பதினைந்து வயர்கள் உருகி ஒரே வடமாக ஒட்டியிருந்தன. மேலே ஜிகினா மட்டும் பளபளவென்று அப்படியே இருந்தது. உங்களுடையதை இன்றே மாற்றுங்கள்.

—

கணக்கு டீச்சர், முலுண்ட்:

வயர்மேன் ஐயா, நீங்கள் வகுப்பெடுக்க வேண்டியவர். நான் எடுத்துப் பார்த்தது செவ்வகம்! பின் வைப்பருடைய ஃபியூஸை வைத்துக்கொண்டு ‘நன்றாக இருக்கிறது’ என்று தீர்ப்பு எழுதியிருக்கிறேன். மூடியையும் தலைகீழாகத்தான் பிடித்திருந்தேன்.

ஸ்டேஷன் பக்கத்துக் கடையில் டெஸ்ட் லேம்ப்பும் ஐந்து மஞ்சள் ஃபியூஸும் வாங்கினேன். விசிறிப் படத்துக்கு உரிய இடத்தில், ஒரு புள்ளியில் விளக்கு எரிந்தது, மறு புள்ளியில் எரியவில்லை. பிடுங்கினால் நடு வளைவு இரண்டாக அறுந்து, முனைகள் சின்ன உருண்டைகளாகத் திரண்டிருந்தன. பூதக்கண்ணாடி வைத்துப் பத்து நிமிடம் பார்த்தேன். அவ்வளவு அழகு.

புதியதைச் செருகியதும் தண்ணீர் பீய்ச்சியது. வைப்பரும் எழுந்தது. இரண்டு முறை போய்வந்து, மூன்றாவதில் அதே முனகல், அதே இடத்தில் நின்றது. இரண்டாவது ஃபியூஸும் போயிற்று.

பன்வேல்காரருக்கு ஒரு கணக்கு: சூடு மின்னோட்டத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது. 30-ஐ 20-ஆல் வகுத்தால் 1.5, அதன் வர்க்கம் 2.25. உங்கள் வயர் இரண்டேகால் மடங்கு சூட்டைத் தாங்கவேண்டி வரலாம்.

—

குர்லா வயர்மேன்:

மூன்றாவதை உடனே போடாதீர்கள். ஒன்று போனால் வயதாகிவிட்டது என்று விடலாம். இரண்டும் அடுத்தடுத்துப் போனால் அது தகவல்.

செருகிய நொடியிலேயே போயிருந்தால் வயர் எங்கோ இரும்பில் உரசுகிறது என்பேன். உங்களுடையது முனகி, மூச்சு வாங்கி, அப்புறம் போயிருக்கிறது. ஏதோ இறுகியிருக்கிறது, மோட்டார் திணறித் திணறி அதிக மின்சாரம் இழுக்கிறது. தெரிந்த எலக்ட்ரீஷியனிடம் போய் இரண்டே வேலை சொல்லுங்கள். முதலில் வைப்பர் மோட்டாரின் இணைப்பைக் கழற்றிவிட்டு ஃபியூஸ் போட்டு, சாவியைத் திருப்பி வைப்பர் ஸ்விட்சையும் போட வேண்டும். ஃபியூஸ் போகாமல் இருந்தால் வயர் நல்லது. அடுத்து மோட்டாரை வைப்பர் தண்டுகளிலிருந்து பிரித்துத் தனியாக ஓடவிட வேண்டும். சுகமாகச் சுற்றினால் மோட்டாரும் நல்லது. வைப்பர் கை வெளியே வரும் இடத்து அச்சு துருப்பிடித்திருக்கும். உங்கள் கண்முன்னே கழற்றச் சொல்லுங்கள். வண்டி மரத்தடியில் நிற்குமா?

—

கணக்கு டீச்சர், முலுண்ட்:

ஐயா, நீங்கள் வண்டியைப் பார்த்தீர்களா, ஜாதகத்தைப் பார்த்தீர்களா? குல்மொஹர் மரத்தடியில்தான் நிற்கிறது. ஏப்ரல், மே இரண்டு மாதமும் நான் புனேயில் மகள் வீட்டில் இருந்தேன்.

பாண்டுப்பில் ஒரு வயதான எலக்ட்ரீஷியனிடம் போனேன். முக்காலி போட்டு உட்கார்ந்து, நீங்கள் சொன்ன வரிசையிலேயே செய்யச் சொன்னேன். சிரித்தார், ஆனால் செய்தார். இணைப்பைக் கழற்றியபோது ஃபியூஸ் போகவில்லை. கண்ணாடிக்குக் கீழே இருக்கும் கறுப்புத் தட்டைத் தூக்கினால் உள்ளே அரைப் பை குல்மொஹர் இலை. பொடிப் பொடியாக, நனைந்து, தேயிலைச் சண்டுபோல. தண்ணீர் வடியும் துளையையும் அதுவே அடைத்திருந்தது. மோட்டார் தனியாகச் சுற்றியது, முனகலே இல்லை. இடது பக்கத்து அச்சு மட்டும் துருவில் இறுகிப்போய், அவர் குறடு போட்டும் அசையவில்லை. எண்ணெய் விட்டு, சுத்தியலால் மெல்லத் தட்டித் தட்டி வெளியே எடுத்து, உப்புத்தாளால் தேய்த்து, கிரீஸ் வைத்துப் பொருத்தினார். ஒன்றே முக்கால் மணி நேரம், 600 ரூபாய்.

நேற்று முன்தினம் இரவு கொட்டிய மழையில் முலுண்டிலிருந்து தாதர்வரை போய்வந்தேன். மூன்றாவது மஞ்சள் ஃபியூஸ் அப்படியே இருக்கிறது. மீதி மூன்று, கிளவ் பாக்ஸில் பழைய குங்குமச் சிமிழுக்குள்.

கடிகாரம் மட்டும் பிடுங்கிய அன்றிலிருந்து தவறான நேரம் காட்டுகிறது. அதற்கு எந்த ஃபியூஸ்?

—

பன்வேல் பயணி:

மாற்றிவிட்டேன் டீச்சர். 20-தான் இப்போது.

—

குர்லா வயர்மேன்:

கடிகாரத்துக்கு ஃபியூஸ் வேண்டாம் டீச்சர். பக்கத்தில் சின்னப் பொத்தான் இருக்கும், அழுத்திப் பிடியுங்கள்.

—

கணக்கு டீச்சர், முலுண்ட்:

9:40. சரியாகிவிட்டது.