சிபேப் வாடகை நடுவில் சப்ளையர் மாறினால் எந்த மாடிஃபையர்?

டிஎம்இ (வீட்டில் பயன்படுத்தும் மருத்துவக் கருவிகள்) பில்லிங் பார்க்கும் நண்பர்களே, ஒரு சந்தேகம். அமெரிக்க மெடிகேர் (அரசு மருத்துவக் காப்பீடு) நோயாளி. சிபேப் மெஷின் (தூக்கத்தில் மூச்சுத் தடைபடுபவர்களுக்குக் காற்று செலுத்தும் கருவி), பில்லிங் கோடு இ0601. 4 மாதம் வேறொரு சப்ளையரிடம் வாடகைக்கு வைத்திருந்துவிட்டு இப்போது எங்கள் கிளையண்டிடம் வந்திருக்கிறார். நடுவில் ஒரு வாரம்கூட இடைவெளி இல்லை.

சாஃப்ட்வேர் தன் பாட்டுக்கு ஆர்ஆர் (வாடகை), கேஹெச் (வாடகையின் முதல் மாதம்), கேஎக்ஸ் (கவரேஜ் நிபந்தனைகள் நிறைவேறின) என்று மாடிஃபையர்களை, அதாவது கோடோடு சேர்க்கும் குறியீடுகளை, போட்டுத் தள்ளுகிறது. எங்களுக்கு இது முதல் மாதம், சரி. மெடிகேர் கணக்கில் 5-வது மாதம் அல்லவா? கேஹெச் முதல் மாதத்துக்கு, கேஐ 2, 3-க்கு, அப்புறம் கேஜே. சப்ளையர் மாறினாலும் மெடிகேர் வாடகை தரும் 13 மாதக் கணக்கு விட்ட இடத்திலிருந்துதானே ஓடும்? அதனால் ஆர்ஆர், கேஜே, கேஎக்ஸ் என்பது என் கட்சி. டீம் லீட் கேஹெச்சில் பிடிவாதமாக நிற்கிறார். (4-வது மாதத்திலிருந்து ரேட்டும் குறையும், அதுதான் காரணமோ என்னவோ!)

பழைய சப்ளையர் எத்தனை மாதம் பில் செய்தார் என்பதை எப்படி உறுதி செய்கிறீர்கள்? மெடிகேர் போர்ட்டலில் 'சேம் ஆர் சிமிலர்' (இதே மாதிரிக் கருவிக்கு முன்பு பில் ஆனதா என்று காட்டும் பகுதி) பார்த்தால் போதுமா? இன்னொன்று: கேஎக்ஸ் போட, சிகிச்சை தொடங்கியதிலிருந்து 31 முதல் 91 நாளுக்குள் டாக்டர் மறுபடி பார்த்த குறிப்பும், இரவுக்கு 4 மணி நேரம் உபயோகித்த ரிப்போர்ட்டும் பழைய சப்ளையரிடமிருந்தே வாங்க வேண்டுமா? நேரில் கையாண்டவர்கள் சொல்லுங்கள். வெள்ளிக்குள் கிளெய்ம் போக வேண்டும்.