பெத்தாவின் முழங்கால் நோவு: கடைப் பொட்டலக் குளிசையைத் தொடரலாமா?

வெல்லாவெளிப் பேரன்:
பெத்தாவுக்கு 81 வயது, நிறை 38 கிலோ. முழங்கால் எலும்பு தேய்ந்துவிட்டது என்று கிளினிக்கில் சொன்னார்கள். பிரஷருக்கு லொசாட்டனும், கால் வீக்கத்துக்கு நீர்க்குளிசையும் எடுக்கிறார். நோவு கூடும் நாட்களில் கடையில் பெயர் எழுதாத பொட்டலம் ஒன்று தருகிறார்கள். உள்ளே மூன்று நிறங்களில் குளிசைகள். போட்டால் கோயில்வரை நடந்துபோகிறார். ஆனால் இந்தக் கிழமை சிறுநீர் குறைந்து, கணுக்கால் வீங்கியிருக்கிறது. கேட்டால் "ஒன்றுமில்லை மனே" என்பார். திண்ணையிலிருந்து எழும்பும்போதோ, தூணைப் பிடித்துப் பல்லைக் கடிக்கிறார். பொட்டலத்தைத் தொடரலாமா?

ஓய்வுபெற்ற தாதி, ஆரையம்பதி:
தம்பி, சிறுநீர் குறைந்தால் கிளினிக் நாள் வரும்வரை காத்திருக்க வேண்டாம். பொட்டலத்தோடும் கிளினிக் கொப்பியோடும் இன்றே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போங்கள்.

இத்தகைய பொட்டலங்களில் டைக்குளோபெனாக் என்ற நோவுக் குளிசை இருப்பது வழக்கம். லொசாட்டன், நீர்க்குளிசை இரண்டோடும் அது சேர்ந்தால் வயதானவரின் சிறுநீரகம் தாங்காது. வயிற்றில் இரத்தக்கசிவும் வரலாம்; மலம் கறுப்பாகப் போகிறதா என்று பாருங்கள். பிரெட்னிசலோன் என்ற ஸ்டெரொயிட் மருந்து கலந்திருந்தால் இன்னொரு சிக்கல்: கிழமைக்கணக்காகத் தினமும் போட்டவர் அதைச் சட்டென்று நிறுத்தக் கூடாது. எத்தனை நாள் போட்டார் என்பதை மறைக்காமல் டொக்டரிடம் சொல்லுங்கள். சிறுநீரகம் எப்படி இருக்கிறது என்று காட்டும் கிரியேட்டினின் இரத்தப் பரிசோதனை பார்க்கச் சொல்லியும் கேளுங்கள்.

நோவுக்கு முதலில் பரசிற்றமோல்தான். நாளுக்கு எட்டுக் குளிசைவரை போடலாம் என்பது நல்ல உடம்புக்காரருக்கான கணக்கு. 38 கிலோவுக்கு 500 மில்லிகிராம் ஒன்று, ஆறு மணித்தியாலத்துக்கு ஒருமுறை, நாளுக்கு நான்குக்கு மேல் வேண்டாம். ஈரல் வருத்தம் இருந்தால் அதையும் டொக்டர்தான் தீர்மானிக்க வேண்டும். தடிமல் குளிசையிலும் பரசிற்றமோல் இருக்கும், அதையும் கணக்கில் சேருங்கள். நோவு ஏறும்வரை பார்த்திருக்காமல் நேரத்துக்குக் கொடுங்கள்.

வாயால் சொல்லாதவரிடம் முகத்தைத்தான் பார்க்க வேண்டும். பல்லைக் கடிக்கிறார் என்று நீங்களே எழுதிவிட்டீர்கள். அதற்கு மேல் என்ன சாட்சி?

அக்கரைப்பற்று வாசகி:
எங்கள் உம்மம்மாவுக்கு டிரமடோல் என்ற கடும் நோவுக் குளிசை எழுதினார்கள். நோவு குறைந்தது, ஆனால் மலச்சிக்கல், தலைச்சுற்று, இரவில் ஆள் அடையாளம் தெரியாத குழப்பம். ஒருநாள் கழிப்பறை வாசலில் விழுந்தும்விட்டார். டொக்டர் மாற்றிக்கொடுத்த பிறகுதான் தெளிந்தார். குந்தியிருக்க வேண்டாம் என்று கொமட் கதிரையும் வாங்கினோம். முழங்காலுக்கு அது செய்த உதவியை எந்தக் குளிசையும் செய்யவில்லை.

வெல்லாவெளிப் பேரன்:
நன்றி அக்கா. ஓட்டோ சொல்லிவிட்டேன், இப்போதே புறப்படுகிறோம். பெத்தாவுக்கு இடது முழங்கால்தான் மோசம். கைத்தடியை எந்தக் கையில் கொடுப்பது?

ஓய்வுபெற்ற தாதி, ஆரையம்பதி:
வலது கையில். இடது காலை வைக்கும்போதே தடியையும் ஊன்ற வேண்டும். இடது கையில்தான் பிடிப்பேன் என்று சண்டை பிடிப்பார், விட்டுக்கொடுக்காதீர்கள்.