கூட்டமா நிக்கும்போது ஏன் யாரும் முதல் அடி எடுத்து வைக்கிறதில்ல? உங்க அனுபவத்த சொல்லுங்க

மலைக்கோட்டைவாசி:

ரோட்ல ஒருத்தர் அடிபட்டு கிடந்தா சுத்தி இருபது முப்பது பேர் நிப்பாங்க, ஒருத்தரும் குனிய மாட்டாங்க, நாமளும் "ஜனங்களுக்கு ஈவு இரக்கமே போச்சு"ன்னு சொல்லிட்டு போயிடறோம். அது இரக்கம் சம்பந்தப்பட்ட விஷயமே இல்லைன்னு நான் நம்புறேன், ஏன்னா கீழ விழுந்து கிடந்த ஆளே நான்தான்.

திருச்சி பால்பண்ணை பக்கம் ரோட்டு ஓரத்து மணல்ல பைக் சறுக்கி விழுந்து கால் வண்டிக்கு அடியில மாட்டிக்கிச்சு, நிமிஷத்துல கூட்டம் கூடிருச்சு, எல்லாருமே "அய்யோ பாவம்"னு உச்சு கொட்டுறாங்க, "108-க்கு அடிச்சாச்சா, அடிச்சாச்சா"ன்னு ஒருத்தர ஒருத்தர் கேக்குறாங்க, ஆனா யாரும் அடிக்கல, யாரோ அடிச்சிருப்பாங்கன்னு எல்லாருக்கும் நினைப்பு. ஆபீஸ்ல முதலுதவி ட்ரெயினிங் கொடுத்தப்ப சொன்னது அப்பதான் ஞாபகம் வந்துச்சு, பொதுவா "யாராவது வாங்க"ன்னு கத்தாத, ஒரு ஆள கைய காட்டி சொல்லுன்னு. "பச்ச டீசர்ட் தம்பி, நீ 108-க்கு போன் போடு. கட்டம் போட்ட சட்ட அண்ணே, நீங்க வண்டிய தூக்குங்க"ன்னேன். அவ்வளவுதான், மொத்த கூட்டமும் வேலை செய்ய ஆரம்பிச்சிருச்சு, ஒருத்தர் தண்ணி, ஒருத்தர் ட்ராபிக்க திருப்பி விடுறார், ஒரு அக்கா துண்ட கிழிச்சு கால்ல கட்டுறாங்க. ரெண்டு நிமிஷம் முன்னாடி சும்மா நின்ன அதே ஆளுங்க!

அப்புறம் தேடிப் படிச்சேன். 1968-ல அமெரிக்காவுல ஜான் டார்லி, பிப் லட்டானேன்னு ரெண்டு பேர் இதையே சோதனை பண்ணிருக்காங்க. ஸ்டூடண்ட்ஸ தனித்தனி ரூம்ல உக்கார வச்சு மைக் வழியா பேச விட்டு, நடுவுல ஒருத்தருக்கு வலிப்பு வர்ற மாதிரி சத்தம் கேக்க வச்சாங்க. கேக்குறது தான் ஒருத்தன் மட்டும்தான்னு நினைச்சவங்கள்ல 85 சதவீதம் பேர் அவர் பேசி முடிக்கறதுக்குள்ள எழுந்து போய் சொல்லிட்டாங்க. இன்னும் நாலு பேரும் கேட்டுட்டு இருக்காங்கன்னு நம்பினவங்கள்ல 31 சதவீதம்தான். எனக்கு இதுல முக்கியமா பட்டது, எழுந்து போகாதவங்களும் கல்லு மாதிரி உக்காந்திருக்கல, கை நடுங்கி வேர்த்துப் போய் "அவருக்கு ஒண்ணும் ஆகலையே"ன்னுதான் கேட்டிருக்காங்க. பொறுப்பு பங்கு போட்டதுல ஒருத்தர் கைக்கும் முழுசா வரல.

ஈரோட்டுக்காரி:

அண்ணா நீங்க சொல்றது அப்படியே நெசமுங்க. சென்னையில இருந்து நைட் ட்ரெயின்ல வந்துட்டு இருந்தோம், ஜோலார்பேட்டை தாண்டினதும் கோச்சுல கருகுற வாசம், லேசா புகை வேற. நான் மேல் பெர்த்துல இருந்து பாக்குறேன், முழிச்சுட்டு இருந்தவங்க எல்லாரும் மூக்க சுளிச்சுட்டு எதிர்ல இருக்கறவங்க மூஞ்சிய பாக்குறாங்க, அவங்க சும்மா இருக்கறத பாத்து இவங்களும் திரும்ப போன நோண்டுறாங்க. அப்ப கீழ் பெர்த் அம்மாயி ஒருத்தர் எழுந்து உக்காந்து "ஏனுங்க இத்தன ஆம்பளைங்க இருக்கீங்க, என்னமோ எரியுது, போய் பாருங்க சாமி"ன்னு சத்தம் போட்டாங்க பாருங்க, நாலஞ்சு பேர் ஒரே நேரத்துல எழுந்து ஓடினாங்க. டிடிஆர் வந்து பாத்து அடுத்த ஸ்டேஷன்ல நிறுத்தினாங்க, பிரேக் பைண்டிங்காமா, சக்கரத்துல பிரேக் விடாம ஒட்டிக்கிட்டு சூடாகியிருக்குது.

இதுக்கும் அவங்க ரெண்டு பேரோட சோதனை இருக்குதுங்க. ரூமுக்குள்ள புகைய விட்டாங்க. தனியா இருந்தவங்கள்ல 75 சதவீதம் பேர் வெளிய போய் சொன்னாங்க, கூட ரெண்டு பேர ஒண்ணும் நடக்காத மாதிரி நடிக்க வச்சப்ப பத்துல ஒருத்தர்தான் சொன்னார். பயம் எல்லாருக்கும் உள்ள இருக்குது, வெளிய காட்டறதில்ல, அதனால எதிர் மூஞ்சி தைரியமா இருக்குதுன்னு நாம ஏமாந்துக்கறோம். அந்த அம்மாயிய நான் ரொம்ப மதிக்கிறேனுங்க, அவங்க யாரு மூஞ்சியும் பாக்கல.

பத்தாங்கிளாஸ் டீச்சர்:

என் கிளாஸ்ல தினமும் இதேதான். "புரிஞ்சுதா?"ன்னு கேட்டா நாப்பது தலையும் ஆடும். மத்தவனுக்கெல்லாம் புரிஞ்சிருச்சு போலன்னு ஒவ்வொரு பிள்ளையும் நினைச்சுக்கும். இப்பல்லாம் புரியாதத துண்டுச்சீட்டுல பேர் போடாம எழுதச் சொல்றேன், பாதி கிளாஸ் ஒரே இடத்துல மாட்டிட்டு நிக்கறது தெரியுது.

பழைய பேப்பர்:

எல்லாரும் சொல்றத ஏத்துக்கிறேன், ஆனா ஒரு விஷயத்த தெளிவா வைக்கணும். இந்த ஆராய்ச்சிக்கெல்லாம் காரணம் 1964 மார்ச்ல நியூயார்க் குயின்ஸ்ல கிட்டி ஜெனோவீஸ்ங்கிற பொண்ணு கொலையான சம்பவம். 38 பேர் வேடிக்கை பாத்தாங்க, யாரும் போலீஸ கூப்பிடலைன்னு நியூயார்க் டைம்ஸ் எழுதி உலகம் பூரா பரவிருச்சு. அது பெருசா ஊதின கணக்கு. பல பேருக்கு சத்தம் மட்டும்தான் கேட்டிருக்கு, பக்கத்து வீட்டு அம்மா சோஃபியா ஃபேரர் கீழ ஓடி வந்து அந்தப் பொண்ண தாங்கிப் பிடிச்சிருக்காங்க. 2016-ல அதே பேப்பரே அந்தச் செய்தி பிழையானதுன்னு எழுதிருச்சு. ஓடி வந்த அம்மாவ விட்டுட்டு "எவனும் வரல"ன்னு இத்தன வருஷம் பாடம் நடத்தினது எனக்கு கோவமா வருது.

இன்னொண்ணு, 2019-ல வந்த ஆய்வு. ஆம்ஸ்டர்டாம், இங்கிலாந்துல லங்காஸ்டர், தென்னாப்பிரிக்காவுல கேப்டவுன், மூணு ஊர் சிசிடிவில பதிவான 219 தெருச்சண்டைய பாத்தாங்க, பத்துல ஒன்பதுல யாராவது ஒருத்தராவது உள்ள புகுந்து விலக்கியிருக்காங்க, அதுவும் ஆள் கூட கூட யாராவது உதவுற வாய்ப்பு கூடுது. கோயம்பேட்டுல நானே பாத்திருக்கேன், சில்லறை தகராறுல ரெண்டு பேர் கைகலப்பாக, டீக்கடையில நின்னவர் கிளாஸ வச்சுட்டு போய் ஒருத்தர இடுப்போட சேத்து பிடிச்சார், உடனே இன்னும் ரெண்டு பேர் சேந்துட்டாங்க. ஆபத்துன்னு பளிச்சுனு தெரிஞ்சா கூட்டம் தயங்காதுன்னு நினைக்கிறேன், குழப்பமா இருந்தாத்தான் மூஞ்சிய பாக்குது.

நைட் ட்யூட்டி நர்ஸ்:

நான் கேசுவால்ட்டில இருக்கேன். ரோட்ல கிடந்தவங்கள தூக்கிட்டு வர்றது பெரும்பாலும் ஆட்டோக்காரங்க, பால் வண்டிக்காரங்க, அதுவும் விடியக்காலை ஆளில்லாத நேரத்துல ஒத்தையா வந்தவங்கதான். நடு ரோட்ல தனியா பாத்துட்டா, நம்மள விட்டா இந்த உசுருக்கு யாரும் இல்லைன்னு அவங்களுக்கே தெரிஞ்சு போகுது.

ஆனா வெறும் மனோதத்துவத்த மட்டும் சொல்லி முடிச்சிராதீங்க. நம்ம ஊர்ல போலீஸ் கேஸ், கோர்ட்டு அலைச்சல்னு பயம் பெருசு, அத நான் வாசல்லயே பாக்குறேன், ஸ்ட்ரெச்சர்ல படுக்க வச்ச உடனே "நான் கெளம்பட்டுமா சிஸ்டர்"னு கேப்பாங்க. சட்டையெல்லாம் ரத்தமா நிப்பாங்க, கை கழுவிட்டு போங்கன்னு சொல்றதுக்குள்ள போயிருவாங்க. நன்றி சொல்லக்கூட ஆள் இருக்க மாட்டார்.

பத்தாங்கிளாஸ் டீச்சர்:

சிஸ்டர், அப்படி கொண்டு வந்து சேத்தா பேர், நம்பர் கட்டாயம் கொடுக்கணுமா? எங்க பிள்ளைங்ககிட்ட சொல்லணும்.

நைட் ட்யூட்டி நர்ஸ்:

கட்டாயமில்ல டீச்சர். 2016-ல சுப்ரீம் கோர்ட் உறுதி பண்ணி, 2019-ல மோட்டார் வாகனச் சட்டத்துல 134ஏ பிரிவே சேத்தாச்சு, நல்லெண்ணத்தோட உதவினவங்க மேல கேஸ் போட முடியாது. பேர், அட்ரஸ் சொல்லச் சொல்லி வற்புறுத்தக்கூடாது. நானே சாட்சி சொல்றேன்னு அவங்களா முன்வந்தாலும் விசாரணைய ஒரே தடவையில முடிக்கணும். செலவு நம்ம தலையில விழுமோன்னும் பயப்பட வேண்டாம், நம்ம மாநிலத்துல 2021 டிசம்பர்ல இருந்து நம்மைக் காக்கும் 48 திட்டம் இருக்கு, விபத்துல அடிபட்டவங்களுக்கு முதல் 48 மணி நேர சிகிச்சை அதுல சேந்த ஆஸ்பத்திரிங்கள்ல இலவசம். உதவுறவங்களுக்கு என்னென்ன உரிமைன்னு ஆஸ்பத்திரி வாசல்லயே போர்டு வைக்கணும்னு விதியும் இருக்கு, தமிழ்லயும் இருக்கணும், அடுத்த தடவ ஆஸ்பத்திரி பக்கம் போனா பிள்ளைங்கள படிச்சுப் பாக்கச் சொல்லுங்க.